சிறைக்குள் சென்ற சிரிப்பு

மூங்கில்துறைப்பட்டில் அண்மையில் ஒரு தேநீர்க் கடையில் சிறிது நேரம் அமர்ந்திருந்தோம். தென்பெண்ணைக் கரை ஊர் அது. சர்க்கரை ஆலையையும் கரும்பையும் நம்பி வாழும் ஊர். கரும்பு வெட்டிக் களைத்து வந்த பெரியவர் ஒருவர், கரும்பை ஒரு முறைதான் பிழிகிறார்கள், தம்மையோ வாழ்க்கை ஆண்டுதோறும் பிழிகிறது என்று சொல்லிவிட்டுத் தாமே முதலில் சிரித்தார். கடையே சிரித்தது. சிரிக்காதவர் ஒருவர்தான், நம்முடன் வந்திருந்த இளந்தோழர். துன்பத்தைச் சிரித்துத் தள்ளிவிட்டால், அதை எதிர்க்க வேண்டிய கோபம் அணைந்து போகாதா என்று அவர் கேட்டார்.

நல்ல கேள்வி. விடையை ஏடுகளில் தேட வேண்டியதில்லை. ஒரு மனிதரின் வாழ்விலே தேடுவோம். நாட்டையே சிரிக்க வைத்த ஒருவர், தாம் அழ வேண்டிய நாள் வந்தபோது என்ன செய்தார்? கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனைத்தான் சொல்கிறோம்.

நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் 1908 நவம்பர் 29-ல் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர் அவர். வில்லுப்பாட்டுதான் அவருக்குப் பள்ளிக்கூடம், டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுதான் கல்லூரி. பிறகு திரைக்கு வந்தார். டி.ஏ.மதுரம் அம்மையாரோடு சேர்ந்து அவர் வந்து நின்றாலே கொட்டகை குலுங்கும். ஆனால் யாரைப் பார்த்துச் சிரித்தார்? நொண்டியை அல்ல, குருடனை அல்ல, ஏழையை அல்ல. மூடநம்பிக்கையைப் பார்த்துச் சிரித்தார். சாதித் திமிரைப் பார்த்துச் சிரித்தார்.

உலகப் போர் மூண்டது. 1942-ல் ஜப்பானியர் குண்டு விழும் என்ற பீதியில் சென்னை மக்கள் மூட்டை முடிச்சுகளோடு ஊர் ஊராக ஓடினர். உண்ணும் அரிசிக்கும் பங்கீடு. படமெடுக்கும் சுருளுக்கும் பங்கீடு. அந்த இருண்ட நாட்களிலும் மக்கள் சில அணாக்களைக் கொடுத்துச் சிரிப்பை வாங்கிச் சென்றனர். 1944 தீபாவளிக்கு, தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் மதுரமும் நடித்த ‘ஹரிதாஸ்’ வெளிவந்தது.

அடுத்த மாதமே இடி விழுந்தது. லட்சுமிகாந்தன் என்ற பத்திரிகையாளர் சென்னையில் கத்தியால் குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். அந்தக் கொலை வழக்கில், டிசம்பரில் பாகவதரும் கிருஷ்ணனும் கைதாயினர். 1945 மே மாதம், ஜூரிகளில் பெரும்பாலோர் குற்றவாளிகள் என்றனர். தீர்ப்பு, தீவாந்தர தண்டனை!

விதியின் கேலியைப் பாருங்கள். தீவாந்தரம் என்றதும் மக்கள் நினைவுக்கு வருவது அந்தமான். அந்த அந்தமானோ 1942 முதல் ஜப்பானியர் கையில்! தண்டனை காகிதத்தில் கடல் கடந்தது. தண்டனை பெற்றவர்கள் இங்கேயே கம்பிகளுக்குப் பின்னே கிடந்தனர். இன்னொரு கேலி: நடித்தவர்கள் சிறையில், அவர்கள் நடித்த ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே கொட்டகையில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. உள்ளே இருந்தவரைப் பார்த்து வெளியே ஊர் சிரித்துக் கொண்டிருந்தது!

அழுது ஓய்ந்திருக்கலாம். அல்லது விதி என்று சிரித்துவிட்டுச் சும்மா இருந்திருக்கலாம். இரண்டும் நடக்கவில்லை. உயர்நீதிமன்றம் முதலில் மேல்முறையீட்டைத் தள்ளியது. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. செலவுக்குப் பணம்? மதுரம் அம்மையாரும் எஸ்.வி.சகஸ்ரநாமம் முதலிய நாடகத் தோழர்களும் தோள் கொடுத்தனர். படம் எடுத்தனர், அதன் பெயர் ‘பைத்தியக்காரன்’. தலைவன் சிறையில் இருக்க, சீர்திருத்தம் பேசும் படத்துக்கு இப்படி ஒரு பெயர்! சிரிப்பும் போராட்டமும் அங்கே கைகோத்து நின்றன.

1947 ஏப்ரலில், மறு விசாரணைக்குப் பின் உயர்நீதிமன்றம் இருவரையும் விடுவித்தது. தண்டனைக்குப் பின் ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் போயிருந்தன. பாகவதரின் பழைய ஒளி திரும்பவில்லை. அந்த இழப்புக்கு எந்தத் தீர்ப்பும் ஈடு செய்யவில்லை. கிருஷ்ணனோ வெளியே வந்ததும் அதே ‘பைத்தியக்காரனில்’ தோன்றினார். சிறை வாழ்வையே நையாண்டிப் பாட்டாக்கிப் பாடினார். காயத்தை மறைக்கவில்லை; காயத்தைக் காட்டியே சிரிக்க வைத்தார்.

1949-ல் அண்ணா கதை எழுதிய ‘நல்லதம்பி’யில் கிந்தனார் காலட்சேபம் செய்தார். ஒடுக்கப்பட்ட சிறுவன் ஒருவன் ரயிலேறிப் பட்டணம் போய்ப் படித்து, கல்வி அதிகாரியாக ஊர் திரும்பும் கதை அது. சிறையிலிருந்து மீண்டவரின் சிரிப்பு மழுங்கியிருந்தால் இந்தக் கூர்மை வந்திருக்குமா?

கேட்டவர்க்கெல்லாம் கொடுத்தார், தமக்கென்று சேர்க்கவில்லை. 1957 ஆகஸ்டு 30-ல், ஐம்பது வயதும் நிறையாமல் மறைந்தார். 1969 பொங்கலன்று சென்னையில் அவர் சிலையைத் திறந்து வைத்தார் அண்ணா. மூன்று வாரத்திற்குள் அவரும் நம்மை விட்டுச் சென்றார்.

இளந்தோழருக்கு நாம் சொல்வது இதுதான். சிரித்துவிட்டு மனுவைக் கிழித்துப் போடுகிறவன் அடிமை. சிரித்துக் கொண்டே மனுவை லண்டன் வரை அனுப்புகிறவன் மனிதன். அந்தக் கடையில் பெரியவர் சிரித்தார்; சிரித்து முடித்து, மறுநாள் சங்கக் கூட்டம் எத்தனை மணிக்கு என்றும் கேட்டார்.

அந்தக் கேள்வி உள்ளவரை, அந்தச் சிரிப்பைக் கண்டு நாம் அஞ்ச வேண்டியதில்லை. அஞ்ச வேண்டியவர்கள் வேறு.