சிரிக்கவும் வைத்து, படிக்கவும் சொன்ன ஜோடி



மலருக்கு ஏதாவது எழுதுங்கள், உங்கள் தொழிலைப் பற்றி என்றாலும் சரி என்றார்கள் மலர்க்குழு நண்பர்கள். நான் டேனரிக் கழிவுநீரைச் சுத்தம் செய்யும் நிலையத்தில் இன்ஜினியர். அதைப் பற்றி எழுதினால் இந்த மலர் மணக்காது! ஆகவே என் மனசுக்குப் பிடித்த ஒரு மனிதரைப் பற்றி எழுதுகிறேன். அவர்தான் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன். அவரைச் சொன்னால் டி.ஏ.மதுரத்தையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும்.

நகைச்சுவை ஜோடி என்றால் உலகத்துக்கு லாரல் - ஹார்டி. ஒருவர் ஒல்லி, ஒருவர் குண்டு. விழுவதும் எழுவதுமே சிரிப்பு. நம் ஜோடி நிஜ வாழ்க்கையிலும் கணவன் மனைவி. இவர் ஒன்று அளப்பார், அந்தம்மா வெடுக்கென்று மடக்குவார். விஞ்ஞானம் வளர்ந்தால் பட்டனைத் தட்டியதும் இட்டிலியும் காப்பியும் பக்கத்தில் வந்து நிற்கும் என்று அவர் கனவு காணும் பாட்டு ஒன்று உண்டு. கேட்டிருக்கிறீர்களா? இன்ஜினியர்களுக்கு அதுதான் தேசிய கீதம்!

1908 நவம்பர் 29ஆம் தேதி, நாகர்கோவில் ஒழுகினசேரியில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர் கிருஷ்ணன். சிறுவயதில் டென்னிஸ் மைதானத்தில் பந்து பொறுக்கிப் போட்டார். நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றார். வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்தவர், டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். 1935இல் 'மேனகா'வில் திரைக்கு வந்தார். மறுவருஷம் வந்த 'சதி லீலாவதி'யிலும் நடித்தார். எம்.ஜி.ஆருக்கு அதுதான் முதல் படம்.

அடுத்து 'வசந்தசேனா'. அந்தப் படப்பிடிப்புக்காகப் புனாவுக்குப் போனபோதுதான் ஸ்ரீரங்கத்து மதுரத்துடன் பழக்கமாயிற்று. அது கல்யாணத்தில் முடிந்தது. திரையில் ஜோடியும் நிலைத்தது. 'அம்பிகாபதி', 'சகுந்தலை', 'கண்ணகி', 'ஹரிதாஸ்' என்று படத்துக்குப் படம் இவர்கள் வந்தால்தான் ஜனங்களுக்குத் திருப்தி. தன் நகைச்சுவைப் பகுதியைத் தானே யோசித்து அமைப்பது கிருஷ்ணனின் வழக்கம். படத்தின் கதை ஒரு பக்கம் போகும், இவர் கதை தனியே ஒரு பக்கம் போகும்.

உச்சியில் இருந்த நேரத்தில் இடி விழுந்தது. 1944 நவம்பரில் சென்னை வேப்பேரியில் லட்சுமிகாந்தன் என்ற பத்திரிகையாளர் குத்தப்பட்டு இறந்தார். அந்தக் கொலை வழக்கில் எம்.கே.தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். 1945இல் ஆயுள் தண்டனை. லண்டன் பிரிவி கவுன்சில் வரை வழக்கு போய், மறுபடியும் சென்னை உயர்நீதிமன்றத்துக்கே வந்தது. அங்கே அவர்களுக்காக வாதாடியவர் யார் தெரியுமா? வி.எல்.எதிராஜ். சென்னையில் எதிராஜ் கல்லூரியை நிறுவிய அதே பாரிஸ்டர். அவர் பிறந்த ஊர் நம் வேலூர்! 1947 ஏப்ரலில் இருவரும் விடுதலையானார்கள்.

ஏறக்குறைய இரண்டரை வருஷம் ஜெயில். அந்தக் காலத்தில் நாடகக் குழுவைக் கலையவிடாமல், எஸ்.வி.சகஸ்ரநாமம் போன்றோர் துணையோடு தாங்கிப் பிடித்தவர் மதுரம். ஜோடி என்ற சொல்லுக்கு அர்த்தம் இதுதானே?

வெளியே வந்த பாகவதருக்குப் பழைய புகழ் திரும்பவில்லை. கிருஷ்ணனோ முன்னைவிட அழுத்தமாக எழுந்தார். 1949இல் 'நல்லதம்பி' வந்தது, எழுதியவர் அண்ணா. அதில் 'கிந்தனார்' காலட்சேபம் என்று ஒரு பகுதி. நந்தனார் சிதம்பரம் போக ஆசைப்பட்டார்; தாழ்த்தப்பட்ட குலத்துப் பையன் கிந்தன் படிப்பதற்காகப் பட்டணம் போக ஆசைப்படுகிறான். ரயில் ஏறுகிறான். அந்த ரயிலில் எல்லா ஜாதியும் தோளோடு தோள் இடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது. சிரித்துக்கொண்டே பார்க்கிறோம்; சிரித்து முடித்த பிறகுதான் சுருக்கென்கிறது.

எனக்கு அது கொஞ்சம் அதிகமாகவே சுருக்கென்றது. என் அப்பா டேனரியில் ஊறத்தோல் தூக்கியவர். டவுன் பஸ்ஸில் அவர் உட்கார்ந்தால் பக்கத்து ஆள் எழுந்து போவதைப் பார்த்து வளர்ந்தவன் நான். எங்கள் வீட்டில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான்தான். ஆம்பூரிலும் பேர்ணாம்பட்டிலும் வாணியம்பாடியிலும் இருந்து அப்படி வந்தவர்கள் நம் கல்லூரியில் எத்தனை பேர்! ஷூ கம்பெனிக்குப் போய்வந்த கையோடு பிள்ளைக்கு ஃபீஸ் கட்டிய அம்மாக்கள் எத்தனை பேர்! நாமெல்லாம் கிந்தனின் ரயிலில் ஏறியவர்கள்தான். அந்தப் பையனை அவர் கேலிப்பொருள் ஆக்கவில்லை. கேலி முழுவதும் அவனைத் தடுத்தவர்களுக்கே. இந்த ஒன்றுக்காகவே நான் அவருக்குக் கடன்பட்டவன்.

'மணமகள்' (1951), 'பணம்' (1952) படங்களை அவரே இயக்கினார். 'ராஜா ராணி'யில் (1956) சிரிப்பிலேயே எத்தனை வகை உண்டென்று பாடிக் காட்டினார். சம்பாதித்ததை வாரி வாரிக் கொடுத்தார். நாகர்கோவிலில் காந்தியடிகளுக்குத் தன் செலவில் நினைவுத்தூண் எழுப்பினார். கடைசியில் தன் கையில் காசு நிற்கவில்லை. 1957 ஆகஸ்ட் 30 அன்று, 48 வயதில் கண்மூடினார். அதே ஆகஸ்ட் 7 அன்றுதான் அமெரிக்காவில் ஹார்டியும் மறைந்தார். ஒரே மாதத்தில் இரண்டு ஜோடிகள் பிரிந்தன. மதுரம் 1974 வரை வாழ்ந்தார்.

சென்னை தியாகராய நகரில் அவருக்குச் சிலை இருக்கிறது. 1969 ஜனவரியில் அதைத் திறந்து வைத்தவர் அண்ணா. அதன்பின் மூன்று வாரத்துக்குள் அவரும் மறைந்தார். கலைவாணர் அரங்கமும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

தம்பி தங்கைகளே, ஹாஸ்டலில் கலாட்டா செய்யுங்கள், நன்றாகச் சிரியுங்கள். ஆனால் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவனின் சட்டை வாசனையை வைத்து மட்டும் சிரிக்காதீர்கள். முன்னாள் மாணவர்களே, கிந்தன் இன்னும் ஸ்டேஷனில் நிற்கிறான். அவன் டிக்கெட்டுக்கு நம் சங்கத்தின் கல்வி உதவி நிதியில் ஆளுக்குக் கொஞ்சம் போடுவோம்.