பின்களத்தை ஆக்கிய ஆசிரியர்

அஸர் தொழுகை முடிந்து மஃரிபுக்குப் பாங்கொலி எழும் வரையான அந்தச் சிறு பொழுதில், மருதமுனை தொடக்கம் அக்கரைப்பற்று வரையான நமது கரையோர ஊர்களில் பந்து உருளாத வெளியைக் காண்பது அரிது. கடற்கரை மணலிலும் பாடசாலை மைதானங்களிலும் ஓடியாடும் சிறுவர்களை விசாரித்தால், பெரும்பாலானோர் முன்களத்தில் நின்று கோல் போடவே ஆசைப்படுவர். பின்னே நின்று மறிப்பவனைத் தோளில் தூக்கிக் கொண்டாடும் வழக்கம் நம்மிடம் இல்லை. அவனுக்கு மறிக்கக் கற்றுக்கொடுத்த ஆசிரியரையோ எவரும் நினைப்பதுமில்லை. உதைபந்தாட்ட வரலாற்றில் அவ்வாறு நினைவின் ஓரத்துக்குத் தள்ளப்பட்டவர்களுள் முதன்மையானவர், ஹைதராபாத்தைச் சேர்ந்த மர்ஹூம் செய்யது அப்துல் றஹீம் ஆவார். இந்திய உதைபந்தாட்டம் ஆசியாவின் உச்சியில் நின்ற ஒரே காலத்தின் சிற்பி அவரே என்பதில் நமக்கு ஐயமில்லை.

1909ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதம் 17ஆம் திகதி ஹைதராபாத்தில் பிறந்த றஹீம், உஸ்மானியாப் பல்கலைக்கழகத்தில் பயின்றவர். அதன் உதைபந்தாட்ட அணியிலும் இடம்பிடித்தவர். பட்டம் பெற்றபின் ஆசிரியத் தொழிலைத் தேர்ந்தார். காச்சிகுடா, தாருல் உலூம், சாதர்காட் எனப் பல பாடசாலைகளில் கற்பித்த அவர், இடையில் உடற்கல்வியில் டிப்ளோமாவும் பெற்று மாணவரின் விளையாட்டுப் பொறுப்பை ஏற்றார். 1943இல் ஹைதராபாத் உதைபந்தாட்டச் சங்கத்தின் செயலாளரானார். 1950 முதல் ஹைதராபாத் நகரப் பொலிஸ் அணியின் பயிற்றுவிப்பாளராகவும் பணியாற்றினார். இவ்விரு பொறுப்புகளையும் அவர் இறக்கும்வரை சுமந்தார்.

நிஸாம் ஆட்சி 1948இல் முடிவுற்று, பெரும் கலக்கத்தின் நடுவே ஹைதராபாத் இந்தியாவுடன் இணைக்கப்பட்ட காலம் அது. அந்நகரின் முஸ்லிம் இளைஞர் பலருக்கு நாளை என்னவாகும் என்பதே தெரியாதிருந்த வேளையில், நூர், அஸீஸ், லத்தீப், ஜமால் முதலானோரைக் கொண்ட பொலிஸ் அணி 1950 முதல் 1954 வரை தொடர்ந்து ஐந்து தடவை பம்பாயின் றோவர்ஸ் கிண்ணத்தைச் சுவீகரித்தது. கல்கத்தாவின் பெருங்கழகங்களே இந்திய உதைபந்தாட்டம் என்றிருந்த எண்ணத்தை ஓர் ஆசிரியரின் மாணவர்கள் உடைத்தனர் எனலாம்.

அவருடைய பயிற்சி முறைகள் பாடசாலை வகுப்பறையை ஒத்திருந்தன. பந்தைக் காலில் வைத்துக்கொண்டு ஒருவரையொருவர் ஏய்த்து ஓடுவதே திறமை என எண்ணிய அந்நாளில், அவ்வாறு ஏய்ப்பதைத் தடைசெய்யும் விதியுடன் சுற்றுப்போட்டி நடத்தினார். வலக்கால் பழக்கமுடையோர் இடக்காலால் மட்டுமே உதைக்க வேண்டும் என்ற நிபந்தனையுடனும் ஒரு போட்டி உண்டு. வேடிக்கையாகத் தோன்றும் இவ்விதிகளின் பயனை இளைஞர் பின்னரே உணர்ந்தனர். வந்த பந்தை ஒரே தொடுகையில் சகவீரருக்குக் கொடுத்துவிட்டு வெற்றிடத்துக்கு நகரும் பழக்கம் இவற்றாலேயே அவர்களுக்கு இயல்பாயிற்று.

வறுமையால் திறமை தேங்கிப்போவதை அவர் பொறுத்ததில்லை. செகந்திராபாத்தை அடுத்த அம்முகூடாவில் வாழ்ந்த, தமிழ்க் குடும்பத்தைச் சேர்ந்த துளசிதாஸ் பலராம் என்ற இளைஞரை அவர் பயிற்சிக்கு அழைத்தார். அவ்வளவு தொலைவு வந்துபோகத் தம்மிடம் வசதியில்லை என்றார் பலராம். சைக்கிள் வாடகைக்கான பணத்தை றஹீமே கொடுத்து அவரை வரவழைத்தார். அந்த இளைஞர் இரண்டு ஒலிம்பிக் போட்டிகளில் இந்தியாவுக்காக ஆடினார்.

றஹீமின் பயிற்சியில் இந்தியா 1951இல் டில்லியில் நடைபெற்ற முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டியில் ஈரானை 1 - 0 என வென்று தங்கம் பெற்றது. ஆனால் அவரை உருவாக்கியது அந்த வெற்றியல்ல, அடுத்த ஆண்டின் படுதோல்வியே என்பது நமது கருத்து. 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியா இந்தியாவை 10 - 1 என நசுக்கியது. குளிரில் நம்மவர் பலர் வெறுங்காலுடன் ஆடினர். அதன்பின்னரே இந்திய உதைபந்தாட்டச் சம்மேளனம் காலணியைக் கட்டாயமாக்கியது.

காலணி எல்லோர் கண்ணுக்கும் தெரிந்த குறை. றஹீமோ அதற்குமப்பால் பார்த்தார். இரண்டு பின்கள வீரர், அவர்களுக்கு முன்னே மூவர், அதற்கும் முன்னே ஐவர் என்ற பழைய அமைப்பிலேயே இந்தியா நெடுங்காலம் ஊறியிருந்தது. எதிரணியின் நடு முன்கள வீரனை மறிப்பதற்கென்றே ஒருவர் பின்னால் நிற்காத அவ்வமைப்பு, வேகமான ஐரோப்பிய அணிகளுக்குத் திறந்த வாசலாயிற்று. மூன்றாவது பின்கள வீரரை நடுவில் நிறுத்துவது, பந்து பறிபோன கணத்திலேயே முன்களத்தவரும் திரும்பி ஓடிவருவது, மறிப்பவர் பந்தைக் கண்டபடி ஓங்கி உதைக்காமல் அங்கிருந்தே தாக்குதலைத் தொடங்குவது என அவர் அணியின் முதுகெலும்பையே மாற்றியமைத்தார். நால்வரைப் பின்களத்தில் நிறுத்தும் முறையையும் இந்தியாவுக்குப் பழக்கியவர் அவரே என்பர்.

இதன் பலனைக் கணக்குகளே சொல்லும். 1956 மெல்போர்ண் ஒலிம்பிக்கில் நெவில் டி சூசாவின் மூன்று கோல்களுடன் அவுஸ்திரேலியாவை 4 - 2 என வென்று, ஒலிம்பிக் உதைபந்தாட்டத்தின் அரையிறுதியை எட்டிய முதல் ஆசிய நாடாக இந்தியா ஆனது. அரையிறுதியில் எதிர்ப்பட்டது அதே யூகோஸ்லாவியா. முற்பாதி கோலின்றி முடிந்தது. பிற்பாதியில் முதலில் முந்தியது இந்தியாவே. இறுதியில் 4 - 1 எனத் தோற்றாலும், நான்கு ஆண்டுகளுக்கு முன் பத்துக் கோல் வாங்கிய அணி அதுவல்ல. நான்காம் இடத்துடன் திரும்பிய அவ்வணி, 1960இல் ரோமில் ஹங்கேரியிடம் தோற்றபோது விட்டது இரண்டு கோல்கள் மாத்திரமே. அந்த ஹங்கேரி வெண்கலம் வென்ற அணி என்பது குறிப்பிடத்தக்கது. பிரான்ஸுடன் 1 - 1 எனச் சமன் செய்ததும் அதே ரோமில்தான்.

1962இல் ஜகார்த்தாவுக்கு அணியை அழைத்துச் சென்றபோது றஹீமின் உடலில் புற்றுநோய் ஊறியிருந்தது. ஓயாத புகைப்பழக்கமுடைய அவரது நுரையீரலை அது அரித்துக்கொண்டிருந்தது. முதல் ஆட்டத்திலேயே தென்கொரியாவிடம் 0 - 2 எனத் தோல்வி. அடுத்து தாய்லாந்தை 4 - 1 என வென்ற ஆட்டத்தில், பின்களத்தின் தூணான ஜர்னைல் சிங்கின் தலை பிளந்து தையல் போடவேண்டியதாயிற்று. தலையால் பந்தை முட்டித் தடுப்பதே தொழிலாகிய வீரனை அந்நிலையில் பின்களத்தில் நிறுத்துவது எப்படி? கல்லூரி நாட்களில் ஜர்னைல் முன்களத்தில் ஆடியவர் என்பதை அறிந்திருந்த றஹீம், கட்டுடனேயே அவரை நடு முன்கள வீரராக்கினார். பின்களத்தின் நடுவை அருண் கோஷிடம் ஒப்படைத்தார். தென்வியட்நாமுக்கு எதிரான அரையிறுதியில் ஜர்னைல் கோல் போட்டார்; இந்தியா 3 - 2 என வென்றது.

செப்டெம்பர் 4ஆம் திகதி இறுதியாட்டம், மீண்டும் தென்கொரியாவுடன். ஆனால் மைதானத்துக்கு வெளியே நிலைமை வேறுவிதமாயிருந்தது. இஸ்ரேலுக்கும் தாய்வானுக்கும் இந்தோனேசியா விசா மறுத்ததை, ஆசிய விளையாட்டு இயக்கத்தின் முன்னோடிகளில் ஒருவரான இந்தியர் ஜி. டி. சோந்தி கண்டித்திருந்தார். அதனால் மூண்ட சினத்தில் இறுதியாட்டத்துக்கு முன்தினம் ஜகார்த்தாவின் இந்தியத் தூதரகம் தாக்கப்பட்டது. வீரர்களை ஏற்றிய பேரூந்தில் தலைப்பாகையணிந்த சீக்கிய வீரர்கள் வெளியே தெரியாதபடி குனிந்து சென்றனர் என்று அணியினர் பின்னாளில் நினைவுகூர்ந்துள்ளனர். நிரம்பி வழிந்த செனயான் அரங்கு இந்தியாவுக்கு எதிராகக் கூச்சலிட்டது. அக்கூட்டத்தினிடையே பாகிஸ்தான் ஹொக்கி அணியினர் இந்தியாவுக்காகக் குரல் எழுப்பினர் என்பதையும் அவர்களே சொல்லியிருக்கின்றனர். அரசியல்வாதிகள் பிரித்துவைத்ததை விளையாட்டு வீரர்கள் மதிக்காத அரிய தருணம் அது.

முதல்நாள் இரவு வீரர்களைக் கூட்டிய றஹீம், தமக்கொரு பரிசாகத் தங்கத்தை வென்று தருமாறு கேட்டுக்கொண்டாராம். காய்ச்சலால் சில ஆட்டங்களைத் தவறவிட்ட நெடிதுயர்ந்த பந்துக்காப்பாளர் பீற்றர் தங்கராஜை மீண்டும் வலைக்குமுன் நிறுத்தினார். தங்கராஜ், நீலகிரி வெலிங்டனில் நிலைகொண்ட மெட்ராஸ் படைப்பிரிவில் ஆடி வளர்ந்தவர். 17ஆம் நிமிடத்தில் பி. கே. பானர்ஜியும் 20ஆம் நிமிடத்தில் ஜர்னைல் சிங்கும் கோல் போட்டனர். கதை சொல்வோர் இவ்விரு கோல்களுடன் நிறுத்திவிடுவர். அதன்பின் 65 நிமிடங்கள், ஆரவாரிக்கும் அரங்கின் நடுவே தங்கராஜும் சந்திரசேகரும் அருண் கோஷும் திரிலோக் சிங்கும் கொரியர்களை ஒரு கோலும் போடவிடாமல் மறித்து நின்றனரே, அதுவே றஹீமின் பத்தாண்டு உழைப்பு. 85ஆம் நிமிடத்தில்தான் கொரியா ஒரு கோல் போட முடிந்தது. 2 - 1 என ஆட்டம் முடிந்தது.

ஒன்பது மாதங்களின் பின், 1963 ஜூன் 11ஆம் திகதி றஹீம் தமது 53ஆவது வயதில் காலமானார். அவர் பயிற்றுவித்தோர் பலர் 1964இல் ஆசியக் கிண்ணத்தில் இரண்டாமிடமும், 1970இல் ஆசிய விளையாட்டில் இந்தியா வெண்கலமும் பெற்றதோடு அந்தப் பெருமை தேய்ந்தது. ஆசிய விளையாட்டு உதைபந்தாட்டத்தில் இந்தியா பின்னர் தங்கம் வென்றதேயில்லை.

பயிற்றுவிப்பாளர்களுக்கென இந்திய அரசு துரோணாச்சாரியார் விருதை ஏற்படுத்தியது 1985இல். றஹீம் மண்ணுள் உறங்கத் தொடங்கி 22 ஆண்டுகள் கழித்து. அவரைப் பற்றிய ஹிந்தித் திரைப்படம் 2024இல் வெளியானது. ரோம் ஒலிம்பிக் குழுவில் இடம்பெற்று, பின்னர் சர்வதேச நடுவராகவும் விளங்கிய அவரது மகன் செய்யது ஷாஹித் ஹகீம் அதைக் காணவில்லை. 2021 ஓகஸ்டில் அவரும் வபாத்தாகியிருந்தார்.