பல குரல்களை ஒன்றாக்கிய எம்.பி. சீனிவாசன்

'பாதை தெரியுது பார்' என்ற பழைய படத்தில் ஜெயகாந்தன் எழுதிய தென்னங்கீற்றுப் பாட்டு, தெமட்டகொடையில் எங்கள் மூத்தம்மாவுக்கு இன்றும் மனப்பாடம். இசையமைத்தவர் யாரென்று கேட்டால் தெரியாது என்பார். 1960இல் வந்த அந்தப் படத்துக்கு இசையமைத்தவர் எம்.பி. சீனிவாசன்.

இன்றைய ஆந்திராவின் சித்தூரில் 1925இல் பிறந்தார். சென்னை மாநிலக் கல்லூரியில் படித்த நாட்களிலேயே மாணவர் இயக்கத்தில் இறங்கினார். பின்பு டில்லியில் பொதுவுடைமைத் தலைவர் ஏ.கே. கோபாலனிடம் செயலாளராக இருந்தார். அவர் மணந்தது ஸாஹிதா என்ற முஸ்லிம் பெண்ணை. ஜாலியன்வாலாபாக் படுகொலைக்கு முன் ஆங்கிலேயர் கைது செய்த சைபுத்தீன் கிச்லுவின் மகள் அவர். 1947இன் பிரிவினைக் கலவரத்தை நேரில் கண்ட தலைமுறையில் இப்படியொரு திருமணம் எவ்வளவு துணிச்சலானது!

சென்னைத் திரையுலகுக்கு வந்தவர் மெட்டுப் போடுவதோடு நின்றுவிடவில்லை. வயலினும் தபேலாவும் வாசித்தவர்களின் பெயர் படத்தில் வராது, கூலிக்கும் உறுதியில்லை. அவர்களுக்காக அவர் ஒரு தொழிற்சங்கத்தைக் கட்டியெழுப்பினார். அவருடைய பாடல்களைவிட இதுவே பெரிய வேலை என்பது என் எண்ணம். மலையாளத்தில் ஏராளமான படங்களுக்கு இசையமைத்தார். 1962இல் வந்த 'கால்பாடுகள்' படத்துக்காக யேசுதாஸை முதன்முதலாகப் பாட வைத்தவரும் அவரே. சாதி மத பேதமின்றி எல்லோரும் சகோதரராய் வாழ்வதைப் பற்றி நாராயணகுரு எழுதிய வரிகள்தான் அந்த முதற்பாட்டு.

அவருடைய பெரிய ஆசை சேர்ந்திசை. நாங்கள் மீலாத் விழாவில் கஸீதா பாடும்போது எல்லோரும் ஒரே மெட்டைத்தான் பாடுவோம். சேர்ந்திசையில் அப்படியல்ல. ஒரு பிரிவு ஒரு மெட்டைப் பாட, மற்றப் பிரிவு அதே நேரத்தில் வேறொன்றைப் பாடும். இரண்டும் மோதாமல் பொருந்த வேண்டும். முன்னால் நிற்பவர் கையசைத்து எல்லோரையும் நடத்துவார். மேற்கத்திய தேவாலயங்களில் வளர்ந்த இந்த முறையைச் சீனிவாசன் பாரதியார் பாடல்களுக்குக் கொண்டுவந்தார். சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழுவை உருவாக்கி வழிநடத்தினார். பக்கத்தில் பாடுபவரின் குரலைக் காதுகொடுத்துக் கேட்காதவரால் அந்தக் குழுவில் ஒரு வரிகூடப் பாட முடியாது.

கடைசியாக அவர் போனது லட்சத்தீவுக்கு. முஸ்லிம்களே பெரும்பான்மையாக வாழும் சின்னஞ்சிறு தீவுகள் அவை. 1988 மார்ச் 9ஆம் திகதி, 62ஆவது வயதில், அங்கேயே காலமானார். கேரளத்தில் அவர் பெயரில் ஒரு சேர்ந்திசைக் குழு இருக்கிறது.