மறைந்திருந்து செட் போட்ட மேதை

ஒரு பெரிய ஹால். வரிசை வரிசையாக மேஜைகள். மேஜைக்கு ஒரு குமாஸ்தா. எல்லோரும் தலை நிமிராமல் வேலை செய்கிறார்கள். வரிசை எங்கே முடிகிறது என்றே தெரியவில்லை.

1960-ம் ஆண்டு வெளிவந்த 'தி அபார்ட்மெண்ட்' என்ற அமெரிக்கப் படத்தில் வரும் இன்ஷூரன்ஸ் ஆபீஸ் அது. உண்மையில் அந்த ஹால் அவ்வளவு நீளம் கிடையாது! முன் வரிசையில் வழக்கமான மேஜைகள். பின்னால் போகப் போக மேஜைகள் சிறுத்துக்கொண்டே போகும். அங்கே குள்ளமானவர்களை உட்கார வைத்தார்கள். அதற்கும் பின்னால் இருந்தவை வெறும் அட்டை உருவங்கள்.

இந்தக் கண்கட்டு வித்தையைச் செய்தவர் அலெக்ஸாண்டர் டிரௌனர். பிரெஞ்சு சினிமா தந்த செட் மேதை.

ஆனால் அவர் பிறந்தது பிரான்சில் அல்ல. 1906-ல் ஹங்கேரியின் தலைநகரான புடாபெஸ்டில், ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். அங்கே ஓவியம் படித்தார். யூதர்கள் மீது வெறுப்பு வளர்ந்துகொண்டிருந்த காலம் அது. 1929-ல் ஊரை விட்டுப் புறப்பட்டு பாரிஸ் போய்ச் சேர்ந்தார்.

ஓவியராக வாழ நினைத்தவரை வயிற்றுப்பாடு சினிமா ஸ்டூடியோவுக்கு அழைத்துச் சென்றது. லாசர் மெர்சன் என்ற புகழ்பெற்ற கலை டைரக்டரிடம் உதவியாளராகச் சேர்ந்து தொழில் கற்றார்.

பிறகு டைரக்டர் மார்செல் கார்னே, கவிஞரும் வசனகர்த்தாவுமான ழாக் பிரேவேர் ஆகியோரின் நட்பு கிடைத்தது. கார்னேயின் 'ஓட்டல் து நோர்' (1938) படத்துக்காக, பாரிஸ் நகரக் கால்வாய் ஒன்றை அதன் கரையில் உள்ள ஓட்டலோடு அப்படியே செட்டாகப் போட்டார். 1939-ல் வந்த ஒரு படத்தில், கொலை செய்துவிட்ட தொழிலாளி ஒருவன் போலீஸ் சூழ்ந்த நிலையில் அறைக்குள் அடைந்து கிடப்பான். அந்த அறையை உயரமான கட்டடத்தின் உச்சியில் வைத்தார் டிரௌனர். அவனுடைய தனிமை வசனமில்லாமலே விளங்கியது.

1940-ல் ஜெர்மன் படை பாரிசைப் பிடித்தது. யூதர்கள் சினிமாவில் வேலை செய்யக்கூடாது என்று தடை வந்தது. டிரௌனர் தெற்கே ஓடி, நீஸ் நகரத்துக்கு அருகே மலைப்பகுதியில் ஒளிந்துகொண்டார். பிடிபட்டால் வதை முகாம்தான். அவருக்கு வேலை கொடுத்தவர்களுக்கும் ஆபத்து.

ஆனாலும் நண்பர்கள் அவரைக் கைவிடவில்லை. மறைவிடத்திலிருந்தே அவர் செட்டுகளை வரைந்தார். வேறு கலை டைரக்டர்கள் தங்கள் பெயரைக் கொடுத்து உதவினார்கள். 'சொர்க்கத்தின் குழந்தைகள்' படத்துக்காக, பழைய பாரிசின் நாடகக் கொட்டகைத் தெரு முழுவதும் நீஸ் ஸ்டூடியோவில் எழுந்தது. இசையமைத்த ஜோசப் காஸ்மாவும் ஹங்கேரிய யூதர்தான்; அவரும் மறைவாகவே பணியாற்றினார்.

1944 ஆகஸ்டில் பாரிஸ் விடுதலை அடைந்தது. 1945 மார்ச்சில் படம் திரைக்கு வந்தது. மறைந்திருந்து உழைத்தவர்கள் என்ற குறிப்போடு இருவர் பெயரும் டைட்டிலில் வந்தன. பிரெஞ்சு சினிமாவின் தலைசிறந்த படங்களில் ஒன்றாக அது இன்றும் போற்றப்படுகிறது.

பிறகு உலகமே அவரைத் தேடி வந்தது. ஆர்சன் வெல்ஸ், பில்லி வைல்டர் போன்ற டைரக்டர்கள் அழைத்தார்கள். வைல்டரின் 'தி அபார்ட்மெண்ட்' 1961-ல் அவருக்கு ஆஸ்கார் பரிசைப் பெற்றுத் தந்தது. 1975-ல் கிப்ளிங் கதையை ஜான் ஹூஸ்டன் படமாக்கியபோது, வெள்ளைக்காரன் ஆட்சிக் கால இந்தியாவை மொராக்கோவில் உருவாக்கிக் காட்டியவரும் இவரே. எண்பதை நெருங்கும் வயதிலும் ஓயவில்லை. பாரிஸ் சுரங்க ரயிலைக் களமாகக் கொண்ட 'சப்வே' (1985) படத்துக்காகப் பிரான்சின் சீசர் விருதைப் பெற்றார்.

1993 டிசம்பரில், நார்மண்டியின் கடலோரக் கிராமமான ஓமோன்வில்-லா-பெத்தீத்தில் டிரௌனர் காலமானார். ஆபத்துக் காலத்தில் கைவிடாத நண்பர் பிரேவேர் 1977-ல் மறைந்து அடக்கமானதும் அங்கேதான். அவர் கல்லறைக்குப் பக்கத்திலேயே டிரௌனரும் அடக்கம் செய்யப்பட்டார்.