ஒளியின் பக்கம் சென்ற நடிகர்

1914 செப்டம்பர் 18 அன்று, இங்கிலாந்தின் கிழக்குக் கடற்கரை ஊரான கிரேட் யார்மத்தில் ஜாக் கார்டிஃப் பிறந்தார். பெற்றோர் இசையரங்கக் கலைஞர்கள். ஊர் ஊராகச் சென்று மேடையேறிப் பிழைத்தவர்கள். எனவே மகனுக்கு எந்தப் பள்ளியும் நிலைக்கவில்லை. ஆனால் 1918இலேயே அவருடைய பிஞ்சு முகம் ஊமைப்படத்தில் பதிந்துவிட்டது. வளர்ந்த பின்னும் அம்முகத்திற்கு மதிப்பிருந்திருக்குமா என்பதைச் சோதித்துப் பார்க்க அவர் காத்திருக்கவில்லை. பதின்பருவத்திலேயே எல்ஸ்ட்ரீ படப்பிடிப்பு நிலையத்தில் எடுபிடியாகச் சேர்ந்து, கேமராவுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார்.

1936இல் டெக்னிகலர் நிறுவனம் வண்ணப்படக் கேமராவில் பயிற்றுவிக்கப் பிரிட்டனில் ஆள் தேடியது. நேர்காணலில் கார்டிஃப், தொழில்நுட்ப அறிவு தமக்கில்லை என ஒப்புக்கொண்டார். அவர் பேசியதெல்லாம் ஓவியங்களைப் பற்றித்தான். ரெம்பிராண்ட் தீட்டிய முகத்தில் ஒளி எப்பக்கமிருந்து விழுகிறது என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. அதுவே போதுமானதாயிற்று.

காட்சியைப் பட்டகத்தால் பிரித்து மூன்று கறுப்புவெள்ளைச் சுருள்களில் பதிக்கும் பெருங்கருவி அது. வெளிச்சத்தை ஏராளமாக விழுங்கும். எங்கும் சீராக ஒளியைக் கொட்டுவதே அன்றைய வழக்கம். அவரோ நிழலை விட்டுக்கொடுக்கவில்லை. முப்பதுகளின் இறுதியில் அக்கருவியுடன் இந்தியாவுக்கும் வந்து, தில்லியையும் கோயில்களையும் குறும்படங்களில் பதிவுசெய்தார்.

பவல், பிரஸ்பர்கர் இருவருக்காக அவர் ஒளிப்பதிவு செய்த 'பிளாக் நார்சிசஸ்' 1947இல் வெளியாயிற்று. இமயமலைக் கதை, ஆனால் ஒரு காட்சிகூட இந்தியாவில் எடுக்கப்பட்டதன்று. பைன்வுட் நிலையத்தில் தீட்டிய திரைகளே மலைகள். வெர்மீரின் ஓவியங்களிலிருந்து கற்ற ஒளியால் கன்னியர் மடத்தின் சுவர்களுக்கு உயிரூட்டி, ஆஸ்கார் விருதும் பெற்றார். இந்திய வெயிலை நேரில் கண்டவர் செய்த பொய் அது. பிரிட்டிஷ் நடிகை ஜீன் சிம்மன்ஸுக்கு நிறம் பூசி இந்தியப் பெண்ணாக்கிய அப்படத்தின் கீழ்த்திசைக் கற்பனையை நம்மால் முழுமனத்தோடு ஏற்க இயலாது. அதன் ஒளியை மறுக்கவும் இயலாது. மறு ஆண்டு வெளிவந்த 'தி ரெட் ஷூஸ்' படத்தில், நடனமணிகள் துள்ளும்போது கேமராவின் வேகத்தை மாற்றி, அவர்களைக் கணநேரம் காற்றில் நிற்கவைத்தார்.

பின்னர் இயக்கமும் அவரை இழுத்தது. லாரன்ஸின் நாவலைத் தழுவிய 'சன்ஸ் அண்ட் லவர்ஸ்' (1960) இயக்கத்திற்கான ஆஸ்கார் பரிந்துரையைப் பெற்றுத் தந்தது. ஆனால் அப்படத்திற்காக ஒளிப்பதிவு விருதை வென்றவர் ஃபிரெடி ஃபிரான்சிஸ். கறுப்புவெள்ளையில் அமைந்த அப்படத்திற்குப் பின் அவர் இயக்கியவற்றில் அவ்வுயரத்தை எட்டியது எதுவுமில்லை. எழுபதுகளில் மீண்டும் ஒளிப்பதிவுக்கே திரும்பினார். 'ராம்போ'வின் இரண்டாம் படத்திற்குக்கூட ஒளியமைத்தார். தொழிலில் உயர்வு தாழ்வு பார்க்காத இசையரங்கக் குடும்பத்துப் பிள்ளையல்லவா!

2001இல் வாழ்நாள் பணிக்கான கௌரவ ஆஸ்கார் வழங்கப்பட்டது. 2009 ஏப்ரல் 22 அன்று, தொண்ணூற்று நான்காம் வயதில் மறைந்தார்.