மறையும் கலையின் நாயகர்

விரல்களைக் கோத்து முத்திரை பிடிக்கிறார் ஒரு வீரர். புகை எழுகிறது; மறுகணம் அவர் நின்ற இடம் வெறுமையாகிறது. நூறாண்டுகளுக்கு முன் ஜப்பானியச் சிறுவர்கள் மூச்சடக்கிக் கண்டு மகிழ்ந்த திரைக்காட்சி இது. அவ்வீரராக நடித்தவர் ஒனோயே மாட்சுனோசுகே.

1875ஆம் ஆண்டு ஒகயாமாவில் பிறந்த இவர், இளமையிலேயே கபுகி நாடகக் கலையில் ஈடுபட்டார். ஊர் ஊராகச் செல்லும் குழுக்களில் நடித்தார். கியோட்டோவில் நாடக அரங்கு நடத்திவந்த மாகினோ ஷோசோ, இவரது திறமையைக் கண்டு 1909இல் திரைப்படத்தில் நடிக்கவைத்தார். அகன்ற விழிகளை உருட்டி நடித்ததால், மக்கள் இவரைக் கண்விழியோடு சேர்த்துச் செல்லப்பெயரிட்டு அழைத்தனர்.

பழங்கால ஜப்பானிய ஒற்றர்கள், பகைவர் கோட்டைக்குள் யாருமறியாமல் புகுந்து மீளக் கையாண்ட நுட்பங்களே நிஞ்ஜுட்சு. கதைகளும் நாடகங்களும் அதனை மாயவித்தையாக வளர்த்தன. அம்மாயத்தைத் திரையில் காட்டும் வழி எளியது. படப்பிடிப்பின் நடுவே கேமராவை நிறுத்துவர். மற்றவர்கள் அசையாது நிற்க, நாயகர் மட்டும் விலகுவார். பின்னர்ப் படப்பிடிப்பு தொடரும். திரையில் காண்போர்க்கோ அவர் காற்றில் கரைந்ததாகத் தோன்றும். 1921இல் மாகினோ இயக்கிய படத்தில், ஜிராயா என்னும் வீரராக வந்து பெருந்தேரையாகவும் உருமாறினார் மாட்சுனோசுகே. பேசாப் படங்களுக்குத் திரையருகே நின்ற 'பென்ஷி' என்னும் கதைசொல்லிகள் குரல் கொடுத்தனர். அரங்கைவிட்டு வெளிவந்த சிறுவர்கள் தெருவில் முத்திரை பிடித்து விளையாடினர்.

காலம் மாறியது. இயல்பான நடிப்பை விரும்பிய இளைய தலைமுறையினர், இவரது பாணியைப் பழமையானது என்றனர். ஆயினும் இறுதிவரை நடித்த இவர், ஏறத்தாழ ஆயிரம் படங்களில் தோன்றி, 1926இல் மறைந்தார். இறுதி ஊர்வலத்தில் கியோட்டோ வீதிகள் மக்களால் நிறைந்தன.

அக்காலப் படச்சுருள்கள் எளிதில் தீப்பற்றுபவை, சிதைபவை. அவற்றைப் பேணிக் காக்கும் எண்ணமும் அன்று பரவவில்லை. அதனால் அவ்வாயிரத்துள் இன்று எஞ்சியவை மிகச் சிலவே. மறைந்து காட்டியவரின் படங்களும் மறைந்துபோயின.

எனினும், ஈட்டிய பொருளை ஏழைகளின் நலத்திற்கு ஈந்த அவரது கொடை மறையவில்லை. கியோட்டோவின் காமோ ஆற்றங்கரைப் பூங்காவில் நிற்கும் அவரது சிலை, அக்கொடையை இன்றும் நினைவூட்டுகிறது. கலை புகழைத் தந்தது. ஈகை அதனை நிலைபெறச் செய்தது.