உள்ளது எது என ஆராய்ந்தவர்: எட்மண்ட் ஹுஸ்ஸெர்ல்

கல் உள்ளது என்கிறோம். கல்லின் கருமையும் உள்ளது என்கிறோம். ஏழு என்னும் எண்ணும் உள்ளது. நேற்று ஒருவருக்கு நாம் அளித்த வாக்குறுதியும் உள்ளது. இவை யாவும் ஒரே விதமாகத்தான் உள்ளனவா? மேலைத் தத்துவத்தில் இவ்வினாவை ஆராயும் துறைக்கு ஆன்டாலஜி என்று பெயர். தமிழில் அதனை உள்பொருளியல் எனலாம். திரவியம், குணம், பரியாயம் எனப் பகுத்து நோக்கும் மரபில் வந்த நம் வாசகர்களுக்கு இவ்வினா புதிதன்று. இருபதாம் நூற்றாண்டில் ஐரோப்பாவில் இத்துறைக்குப் புத்துயிர் அளித்தவருள் முதன்மையானவர் எட்மண்ட் ஹுஸ்ஸெர்ல் ஆவார்.

ஹுஸ்ஸெர்ல் 1859-ஆம் ஆண்டு ஏப்ரல் 8-ஆம் நாள், அந்நாளில் ஆஸ்திரியப் பேரரசைச் சேர்ந்த மொராவியாவில், பிராஸ்நிட்ஸ் என்னும் ஊரில் யூதக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். அவரது இளமை குறித்து ஒரு செய்தி வழங்குகிறது. சிறுவனாக இருந்தபோது அவருக்குப் பரிசாகக் கிடைத்த பேனாக்கத்தி போதிய கூர்மையுடன் இல்லை. அதனைத் தீட்டினார்; மீண்டும் மீண்டும் தீட்டினார்; முடிவில் அலகே தேய்ந்து போயிற்று. முதுமையில் இதனைத் தம் மாணவர்களிடம் வருத்தத்துடன் சொன்னாராம். வாழ்நாள் முழுவதும் ஆராயும் முறையைத் தீட்டுவதிலேயே கழித்துவிட்டோமோ என்ற ஐயம் அவரை விட்டு நீங்கவில்லை.

லைப்சிக், பெர்லின், வியன்னா பல்கலைக்கழகங்களில் அவர் பயின்றது கணிதமே. பெர்லினில் வையர்ஸ்ட்ராஸ் என்னும் கணித மேதையிடம் கற்றார். 1883-இல் வியன்னாவில் கணித ஆய்வுக்கு டாக்டர் பட்டம் பெற்றார். பிற்காலத்தில் செக்கோஸ்லோவாக்கியாவின் முதல் குடியரசுத் தலைவராக விளங்கிய தாமஸ் மசாரிக் அவருடைய இளமைக்கால நண்பர். அவருடைய தூண்டுதலால் பிரண்டானோ என்னும் தத்துவப் பேராசிரியரின் விரிவுரைகளைக் கேட்கச் சென்ற ஹுஸ்ஸெர்ல், தத்துவத்தையே தம் வாழ்க்கைப் பணியாக ஏற்றார். 1886-இல் லூதரன் கிறித்தவரானார். அடுத்த ஆண்டு மால்வினே அம்மையாரை மணந்தார்.

1887 முதல் 1901 வரை பதினான்கு ஆண்டுகள் ஹாலே பல்கலைக்கழகத்தில் நிலையான பேராசிரியர் பதவியின்றிக் கற்பித்தார். 1891-இல் வெளிவந்த அவரது முதல் நூல் எண் என்னும் கருத்து மனத்தில் எவ்வாறு உருவாகிறது என்பதை ஆராய்ந்தது. ஃபிரேகே என்னும் தர்க்க அறிஞர் 1894-இல் அந்நூலைக் கடுமையாக விமரிசித்தார். எண்ணையும் தர்க்க விதிகளையும் மனத்தின் நிகழ்ச்சிகளாகக் கொண்டால், எண்ணுபவன் இல்லாதபோது அவற்றின் உண்மைக்கு நிலைபேறு இராதல்லவா? பின்னர் ஹுஸ்ஸெர்ல் தம் பழைய நிலையைத் தாமே மறுக்க அஞ்சவில்லை. 1900, 1901 ஆண்டுகளில் வெளியான தர்க்க ஆய்வுகள் என்ற பெருநூலின் முதற்பகுதி அம்மறுப்பே ஆகும்.

அந்நூலின் மூன்றாம் ஆய்வு முழுமையும் பகுதியும் பற்றியது. ஒரு தேரிலிருந்து சக்கரத்தைக் கழற்றித் தனியே வைக்கலாம். ஆனால் தேரின் ஓட்டத்தைத் தேரிலிருந்து பிரித்துத் தனியே வைக்க இயலாது. சக்கரம் தனித்து நிற்கவல்ல பகுதி. ஓட்டமோ பிறிதொன்றைச் சார்ந்தே இருக்கவல்ல பகுதி. நிறத்திற்கும் பரப்பிற்கும் உள்ள உறவும் இத்தகையதே. பரப்பின்றி நிறம் இல்லை. எது எதனைச் சார்ந்து உள்ளது என்னும் இவ்வாராய்ச்சியே அவருடைய உள்பொருளியலின் அடித்தளம்.

எனினும் ஆன்டாலஜி என்ற சொல்லை அவர் முதலில் ஆளத் தயங்கினார். அது பழைய வறட்டுத் தத்துவத்தின் சொல் என்று அக்காலத்தில் ஒதுக்கப்பட்டிருந்தது. கேட்டிங்கன் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய காலத்தில், 1913-இல் வெளியிட்ட நூலிலேதான் அதனைத் துணிந்து வழங்கினார். பொருள், பண்பு, உறவு, எண், முழுமை, பகுதி என எல்லாவற்றிற்கும் பொதுவானவற்றை ஆராய்வது வடிவ உள்பொருளியல் என்றும், இயற்கை, உயிர், மனிதப் பண்பாடு என ஒவ்வொரு துறைக்கும் உரிய அடிப்படைகளை ஆராய்வது துறைசார் உள்பொருளியல் என்றும் இருகூறாக வகுத்தார். பொருள்கள் நம் உணர்வில் எவ்வாறு தோன்றுகின்றன என்பதை முற்கோள் இன்றி நோக்கும் தோற்றப்பாட்டியல் முறையையும் அந்நூலில் விரித்துரைத்தார்.

1916-ஆம் ஆண்டு அவருக்குச் சிறப்பும் துயரமும் ஒருங்கே வந்தன. ஃபிரைபர்க் பல்கலைக்கழகம் அவரைப் பேராசிரியராக அழைத்தது. அதே ஆண்டில் இளைய மகன் வொல்ஃப்காங் வெர்டன் போர்க்களத்தில் உயிரிழந்தான். அத்துயரிடையேயும் கற்பிக்கும் பணியை அவர் கைவிடவில்லை. அங்கு அவருக்கு உதவியாளராக இருந்த ஈடித் ஸ்டைன் பின்னாளில் துறவு பூண்டு, 1942-இல் ஆஷ்விட்ஸ் முகாமில் கொல்லப்பட்டார். மற்றோர் உதவியாளரான ஹைடெக்கர் உள்ளதன் இருப்பையே வினாவாக்கிய தம் பெருநூலை 1927-இல் ஆசிரியருக்குக் காணிக்கையாக்கினார். அடுத்த ஆண்டு ஹுஸ்ஸெர்ல் ஓய்வுபெற, அவர் பதவியையும் ஏற்றார்.

1933-இல் நாஜிகள் ஆட்சிக்கு வந்தனர். ஹைடெக்கர் அக்கட்சியில் சேர்ந்து பல்கலைக்கழகத் தலைவரானார். நாட்டிற்காக மகனைப் பலி கொடுத்த முதியவரோ, யூதராகப் பிறந்த ஒரே காரணத்தால் பல்கலைக்கழகப் பணியினின்று விலக்கப்பட்டார். ஆயினும் அவர் எழுதுவதை நிறுத்தவில்லை. 1935-இல் வியன்னாவிலும் பிராக்கிலும் ஐரோப்பிய அறிவியலின் நெருக்கடி பற்றி உரையாற்றினார். அளவிட்டுக் கணிப்பதில் வெற்றிகண்ட அறிவியல், தான் கிளைத்தெழுந்த அன்றாட வாழ்வுலகை மறந்துவிட்டது என்பது அவர் விடுத்த எச்சரிக்கை. அவ்வுரைகளின் வழி எழுந்த நூலின் பகுதி 1936-இல் ஜெர்மனிக்கு வெளியே பெல்கிரேடில்தான் அச்சேறியது. 1938 ஏப்ரல் 27-ஆம் நாள் தம் 79-ஆம் வயதில் அவர் காலமானார். இறுதிச் சடங்கிற்கு ஹைடெக்கர் வரவில்லை. 1941-இல் வந்த அவரது நூற்பதிப்பில் அந்தக் காணிக்கைப் பக்கமும் இல்லை.

ஹுஸ்ஸெர்ல் விட்டுச் சென்றவை சுருக்கெழுத்தில் எழுதிய ஏறத்தாழ 40,000 பக்கங்கள். அவை எந்நேரமும் அழிக்கப்படலாம் என்ற நிலை. அவ்வாண்டு ஆகஸ்டில் பெல்ஜியத்திலிருந்து ஆய்வுக்காக வந்த வான் பிரேடா என்னும் 27 வயதுப் பிரான்சிஸ்கன் துறவி இதனை உணர்ந்தார். கையெழுத்துப் படிகளைப் பெட்டிகளில் வைத்துப் பெர்லினிலிருந்த பெல்ஜியத் தூதரகத்தில் சேர்த்தார். அங்கிருந்து தூதரகப் பாதுகாப்புடன் அவை லூவென் நகரை அடைந்தன. மால்வினே அம்மையாரும் 1939-இல் பெல்ஜியம் சென்று, போர்க்காலம் முழுவதும் ஒரு கன்னியர் மடத்தில் மறைந்து வாழ்ந்து உயிர் தப்பினார். லூவெனில் அமைந்த ஹுஸ்ஸெர்ல் காப்பகம் 1950 முதல் அவர் நூல்களை வரிசையாகப் பதிப்பித்து, நாற்பதுக்கும் மேற்பட்ட தொகுதிகளை வெளியிட்டுள்ளது.

தத்துவ வகுப்பறையில் பிறந்த இத்துறை இன்று கணிப்பொறியிலும் பயன்படுகிறது. ஒரே மரபணுவின் செயலை வெவ்வேறு ஆய்வகங்கள் வெவ்வேறு சொற்களால் குறித்தால், கணிப்பொறி அவற்றை இணைத்துப் பார்க்க இயலாது. இக்குறையை நீக்க 1998-இல் ஈ, சுண்டெலி, ஈஸ்ட் ஆகியவற்றை ஆராய்வோர் கூடி மரபணு ஆன்டாலஜி என்ற பொதுச் சொற்பகுப்பைத் தொடங்கினர். 2021-இல் சர்வதேசத் தர நிர்ணய அமைப்பு ஏற்ற அடிப்படைப் பகுப்பு ஒன்றும் உண்டு. அது, தனித்து நிற்பவை, சார்ந்து நிற்பவை, காலத்தில் நிகழ்பவை என உள்ளவற்றைப் பிரிக்கிறது. உடல் தனித்து நிற்பது. காய்ச்சலின் வெப்பநிலை உடலைச் சார்ந்தது. நோயின் போக்கு காலத்தில் நிகழ்வது. தேரையும் சக்கரத்தையும் ஓட்டத்தையும் பிரித்தறிந்தது போன்ற அதே நோக்கு இது.

பேனாக்கத்தியின் அலகு தேய்ந்ததாக வருந்திய அறிஞர், தம் முறை இவ்வாறு பயன்படுவதைக் காணவில்லை. தாம் எழுதியது தவறெனக் கண்டபோது தயங்காமல் கைவிட்ட நேர்மையும், பதவியும் மதிப்பும் பறிக்கப்பட்ட பின்னும் நாள்தோறும் எழுதிய உறுதியும் அவரிடம் இருந்தன. அவற்றுடன், ஏட்டைக் காத்த ஓர் இளந்துறவியின் துணிவும் சேர்ந்தது. இம்மூன்றில் ஒன்று குறைந்திருந்தாலும் அவ்வறிவு நமக்கு முழுமையாகக் கிட்டியிராது. எழுதியவருக்கு உரிய நன்றியில் ஒரு பங்கு காத்தவருக்கும் உரியது.